மூன்று ஊர் அழுத ஒரு சிப்பாயும் கல்கத்தா ரோட்டு லாரியும்

திருவள்ளூரிலிருந்து கும்மிடிப்பூண்டிக்கு எப்படிப் போவது என்று ஒரு வாசகி போன வாரம் கேட்டிருந்தார். தொழிற்பேட்டையில் வேலை கிடைத்திருக்கிறதாம். சரியான ஆளிடம்தான் கேட்டிருக்கிறார். இந்தப் பாதையை முழுக்க அறிந்தவர்கள் பூவுலகில் இரண்டே பேர். ஒருவர் தண்டவாளம் போட்ட வெள்ளைக்காரர். அவர் எப்போதோ போய்ச் சேர்ந்துவிட்டார். மற்றவன் அடியேன். ஆகவே, நான் முதன்முதலாக அந்த வழியாகப் போன கதையைச் சொல்கிறேன். வழியும் தெரிந்துவிடும், பொழுதும் போகும்.

1972, மாசி மாதம். பங்களாதேஷ் சண்டை முடிந்து இரண்டு மாதம் ஆகியிருந்தது. எங்கள் திருவள்ளூர் பஜார் தெருப் படிப்பகத்தில் சண்டை நாட்களில் ரேடியோ ஓயாமல் அலறியது. இந்தப் பக்கத்து ரேடியோ எதிரியின் பிணங்களை எண்ணும், அந்தப் பக்கத்து ரேடியோ நம்முடையவற்றை எண்ணும். இரண்டையும் கேட்டுக் கூட்டினால் செத்தவர்கள் தொகை பிறந்தவர்கள் தொகையைத் தாண்டிக்கொண்டிருந்தது. ஒன்றை மட்டும் அப்போதே கவனித்தேன். சிப்பாய் செத்தால் எண் சொல்வார்கள். ஜனங்கள் செத்தால் "ஏராளமானோர்" என்பார்கள்.

சண்டை முடிந்ததும் நம் பக்கத்து ஊர்களில் உயிர் கொடுத்தவர்களுக்கு ஒரு கல் நாட்டுவது என்று படிப்பகக் கமிட்டி முடிவு செய்தது. முடிவு செய்த வேகத்தில் ஆறடிக் கருங்கல் வந்து இறங்கியும்விட்டது. இமயமலைக்குத் தம்பி ஒருவன் இருந்தால் அப்படித்தான் இருப்பான். நாலு ஊர்களிலிருந்து, ஊருக்கு ஒருவர் என்று நாலு பேர் போனதாகத் தகவல். ஒன்றில்தான் பெயர் இருந்தது, மற்றவற்றில் ஊரும் விலாசமும்தான். நேரில் போய்ச் சரிபார்த்து வர இருவர் அனுப்பப்பட்டோம். கமிட்டிச் செயலாளர் வரதன் ஒருவன். பெருமாள் கோயில் குளக்கரையில் அமாவாசைதோறும் தர்ப்பணம் செய்துவைக்கும் குடும்பத்துப் பிள்ளை, பள்ளிக்கூடத்தில் என் பெஞ்சுக்காரன். அவனுக்குப் பாதுகாவலனாக நான். உண்மையில், நான் வாயைத் திறந்தால் நாலு நாற்பதாகிவிடும் என்பதால் என்னைத் தனியாக அனுப்பவில்லை.

"ரூல் ஞாபகம் இருக்கட்டும் எத்திராஜ்," என்றான் வரதன் ரயிலில். "யூனிபார்ம் போட்டிருக்கணும். சண்டையிலே போயிருக்கணும். அவ்வளவுதான்."

"எழுதினவன் நீ. கல்வெட்டுல வெட்டின மாதிரி சொல்றியே!"

காலை ஆறேகாலுக்குப் புறப்பட்ட பாசஞ்சர் வண்டி. நாங்கள் முதலில் இறங்கியது வேப்பம்பட்டு, ஏறக்குறைய பத்து கிலோமீட்டர். இன்று அங்கே இறங்கினால் கட்டடங்களுக்கு நடுவே ஆகாயத்தைத் தேட வேண்டும். அன்று ஸ்டேஷன், வயல், ஒரு டீக்கடை. ஏழுமலை என்கிற சிப்பாயின் வீட்டைக் கேட்டதும் டீக்கடைக்காரரே கடையை அப்படியே போட்டுவிட்டுக் கூட வந்தார். சுவரில் மாலை போட்ட படம். ராணுவத் தொப்பி, அருவாள் மீசை. அவன் அம்மா எங்களுக்கு மோர் கொடுத்தாள். படத்தைப் பார்க்காமலேயே பேசினாள். அங்கே நான் விளையாட்டுப் பேச்சு எதுவும் பேசவில்லை என்பதை இங்கே பதிவு செய்கிறேன்.

அடுத்த வண்டி பிடித்து பேசின் பிரிட்ஜ். அங்கே இறங்கி, கூடூர் பக்கம் போகும் வண்டிக்கு மாற வேண்டும். (வாசகி கவனிக்க: இன்றும் இதேதான் வழி. மேம்பாலப் படிக்கட்டு மட்டும் அன்றைவிட முந்நூறு மடங்கு உயர்ந்துவிட்டது. அல்லது என் முழங்கால் தேய்ந்துவிட்டது.) பொன்னேரியில் இறங்கியபோது மணி பத்தரை. ஒரு மைல் நடை. அங்கேயும் ஒரு வீடு, சுவரில் மாலை போட்ட படம். கல்யாணக் கோலம், மழுமழு முகம்.

"எங்க மாப்ள," என்றார் பெரியவர். "எங்க ஊருக்கே அவரு ஒருத்தருதான்."

வரதன் படத்தை உற்றுப் பார்த்தான். என்னைப் பார்த்தான். "மாப்பிள்ளைக்குச் சொந்த ஊர் எதுங்க?"

"வேப்பம்பட்டு. பேரு ஏழுமலை."

"மீசை இல்லையே?" என்றேன் நான்.

உள்ளேயிருந்து பெண் குரல் வந்தது. "மீசையே எங்கூட்டுக்கு வந்தப்புறம்தான் சார் வெச்சாரு. நான்தான் வெக்கச் சொன்னேன்."

கவரைப்பேட்டைக்கு அடுத்த வண்டியில் ஆறேழு கிலோமீட்டர். அங்கே எங்களுக்குத் தகவல் அனுப்பியவர் ஓர் அரிசி மில் முதலாளி. மில் வாசலில் தொழிலாளர்கள் வரிசையாக நிற்கும் படம், அதற்கு ரோஜா மாலை. இரண்டாம் வரிசையில் எலும்பும் தோலுமாக நின்ற பையனை விரலால் தொட்டுக் காட்டினார். "பட்டாளத்துக்குப் போறதுக்கு முன்னாடி மூணு வருசம் இங்கதான் மூட்டை தூக்கினான் நைனா. உடம்பு ஏறினதே நம்ம மில்லுலதான். எங்க ஏழுமலை."

வெளியே வந்து புளியமரத்தடியில் உட்கார்ந்தோம். நாலில் மூன்று பேர் ஒரே ஆள். பெற்ற ஊர் ஒன்று, பெண் கொடுத்த ஊர் ஒன்று, சோறு போட்ட ஊர் ஒன்று. மூன்றும் தனித்தனியே அழுது, தனித்தனியே மாலை போட்டு, தனித்தனியே எழுதி அனுப்பிவிட்டன. பொய் சொன்னவர் எவரும் இல்லை. ஆறடிக் கல்லை நினைத்து வரதனுக்கு முகம் சுண்டிவிட்டது.

"ஏழுமலையை மூணு சைஸ்ல போட்டுடலாம்டா," என்றேன். அவன் சிரிக்கவில்லை.

கும்மிடிப்பூண்டியில் இறங்கும்போது மதியம் இரண்டு. கவரைப்பேட்டையிலிருந்து பத்து கிலோமீட்டருக்குள்தான். இன்று உருக்காலையும் ரசாயனத் தொழிற்சாலையும் புகை விடும் இடமெல்லாம் அன்று பொட்டல், பனை, நடுவே கல்கத்தா போகும் தார் ரோடு. வாடகை சைக்கிள் எடுத்துக்கொண்டோம், மணிக்கு இருபது பைசா. மூன்று கிலோமீட்டர் எதிர்காற்று. அந்தக் காற்றுக்கு ஒரு யானை எதிரே வந்திருந்தால் அது சென்னையில்தான் போய் விழுந்திருக்கும்.

ரோட்டை ஒட்டிய குடிசை. வாசலில் வறட்டி தட்டிக்கொண்டிருந்த பெண் லூர்தம்மா. செங்கல் சூளையில் வேலை. போனது அவள் புருஷன் சகாயம். சுவரில் மாதா படம் மட்டும் இருந்தது. அவன் படம் இல்லை.

"எந்த ரெஜிமெண்ட்மா?" என்றான் வரதன்.

"லாரி ரெஜிமெண்டு," என்றாள். "டிரைவரு சார் அவரு. யாரு உங்களாண்ட பட்டாளம்னு சொன்னது?"

வரதன் பேனாவை மூடிவிட்டான். நான்தான் விவரம் கேட்டேன். சகாயம் கல்கத்தாவுக்கு லோடு கொண்டுபோனவன். அங்கே ஒரு காண்டிராக்டர் லாரிகளைப் பிடித்து எல்லை தாண்டி அரிசி மூட்டை கொண்டுபோக விட்டிருக்கிறான். சண்டை நின்று சில நாள் கழித்து, ரோட்டோரம் மூட்டை முடிச்சோடு ஊர் திரும்பி நடந்துகொண்டிருந்த ஜனங்களை சகாயம் வண்டியில் ஏற்றிக்கொண்டான். மண்ணுக்குள் எவனோ புதைத்து வைத்திருந்த குண்டின் மேல் சக்கரம் ஏறியது. கிளீனர் மட்டும் பிழைத்து, கால் ஒடிந்து, ஊர் வந்து சொல்லியிருக்கிறான்.

"சண்டை முடிஞ்சப்புறமா?" வரதன் மெதுவாகத்தான் கேட்டான்.

"முடிஞ்சி போச்சின்னு ரேடியோவுல சொன்னாங்கோ. ரோட்டுக்குப் போயி யாரு சொன்னது?"

வரதன் என்னைப் பார்த்தான். யூனிபார்ம் இல்லை, சண்டையும் முடிந்துவிட்டது. அவன் எழுதிய ரூலின் இரண்டு கதவும் சாத்திக்கொண்டன. எனக்கு மனசு கேட்கவில்லை. "கல்லுல நெறைய எடம் காலியா கீதும்மா. பேரு போட்டுடலாம்," என்று சொல்லிவிட்டேன்.

அவள் சாணிக் கையை உதறிக்கொண்டு எழுந்தாள். "எடம் காலியா கீதுன்னு போடற பேரு எனுக்கு வாணாம் சார். பேஜாரு. பட்டாளத்துல கேட்டா எங்க ஆளு இல்லன்றாங்கோ, காண்டிராக்டரு வண்டிக்கு மட்டும் நஷ்டம் சொல்றான். செத்தாருன்னு ஒரு மனுசன் ஒத்துக்கினா போதும்னுதான் உங்குளுக்குச் சொல்லி அனுப்ச்சேன். ஆனா ஒண்ணு. அவரு தனியா சாவல. வண்டில ஏறினவங்கோ? அவரைப் போட்டா அவங்களையும் போடுங்கோ. ஏத்திக்கினு போனவங்களைப் பாதி வழில எறக்கி வுட்டாருன்னு இருக்கக் கூடாது."

"அவங்க பேரு?" என்றான் வரதன்.

"யாருக்குத் தெரியும்? வேற நாடு, வேற பாசை."

"எத்தனை பேராவது...?"

"கிளீனர் ஒரு வாட்டி பத்துன்றான், ஒரு வாட்டி இருவதுன்றான். அவனைக் கேட்டா அழுவறான். நான் கேக்கறதில்ல."

வாசகர்களே, என் வாழ்நாளில் ஓர் எண்ணை யாராவது என்னிடம் விட்டுவைத்தால் அதை நூறாக்காமல் விட்டதில்லை. அன்று வாய் வரவில்லை. பத்தும் பெரிதாகத் தெரிந்தது.

திரும்பும் வழியில் பேசின் பிரிட்ஜில், திருவள்ளூர் வழியாகப் போகும் அரக்கோணம் வண்டிக்காக முக்கால் மணி நேரம் காத்திருந்தோம். பட்டாணி வாங்கினேன். வரதன் தொடவில்லை.

"நியாயமா பாத்தா போடணும்டா," என்றான். "ஆனா பேர் இல்லே, ஊர் இல்லே, தொகை இல்லே. கமிட்டியிலே எப்படிச் சொல்றது? வழக்கமே கிடையாதே."

"வழக்கம் இல்லியா? குளத்தங்கரையில இன்னா பண்றே நீ? அப்பா, தாத்தா, அவங்கப்பான்னு பேர் சொல்லித் தண்ணி வுடச் சொல்றே. எல்லாம் முடிஞ்சி கடைசில ஒரு கை வுடச் சொல்றியே, அது யாருக்கு?"

"அது... நாதி இல்லாதவாளுக்கு. பேர் சொல்லித் தண்ணி விட யாருமே இல்லாதவாளுக்கு."

"எத்தினி பேருன்னு கேட்டுக்கினா வுடறே? யூனிபார்ம் போட்டவங்களான்னு விசாரிச்சியா?"

வரதன் என் கையிலிருந்த பட்டாணிப் பொட்டலத்தை முழுசாகப் பிடுங்கிக்கொண்டான். "கமிட்டியிலே நீ வாயைத் திறக்கப்படாது. திறந்தே, அந்த லாரியிலே அரை பங்களாதேஷ் ஏறிண்டுடும். நான் பேசிக்கறேன்."

பேசினான். மகாபாரதப் போர் பதினெட்டு நாளில் முடிந்தது. அந்தக் கூட்டம் அதைவிட ஒரு நாள் கூடவே நடந்ததாக எனக்கு நினைவு. தலைவர் மூன்று முறை கோபித்துக்கொண்டு எழுந்து போய், செருப்பு கிடைக்காமல் மூன்று முறையும் திரும்பி வந்தார். (செருப்பு எங்கே போனது என்பது இந்தக் கட்டுரைக்குச் சம்பந்தமில்லாதது.) பெயரே இல்லாதவர்களுக்குக் கல்லில் என்ன வேலை என்று அவர் கேட்டபோது வரதன் குளக்கரைக் கடைசித் தண்ணீரைச் சொன்னான். அந்தக் குளத்தில் அப்பாவுக்குத் தண்ணீர் விடாதவர் கூட்டத்தில் மிகச் சிலரே. தலைவர், "சரி, வெட்டச் சொல்லுங்கோ," என்றார்.

வெட்டியது இவ்வளவுதான். மேலே ஏழுமலை, சிப்பாய். அடியில் அவனுடைய மூன்று ஊர்களின் பெயரும். அடுத்து சகாயம், லாரி ஓட்டுநர், கும்மிடிப்பூண்டி. அதற்கும் கீழே, அதே அளவு எழுத்தில், "அவர் வண்டியில் வந்தவர்களும்."

வைகாசியில் திறப்பு விழா. மூன்று ஊரிலிருந்தும் ஏழுமலைக்கு மாலைகள் வந்து கல்லே மறைந்துவிட்டது. லூர்தம்மா கடைசி பஸ்ஸில், தலையில் ஒரு கூடை நுங்கோடு வந்து சேர்ந்தாள். மாலைகளை ஒதுக்கி, புருஷன் பெயரைத் தடவிப் பார்த்தாள். எழுதப் படிக்கத் தெரியாதவள். கீழே இருந்த வரியில் விரலை வைத்து, "இது அவங்களா?" என்று வரதனிடம் கேட்டாள்.

"அவாதாம்மா."

கூடையை இறக்கினாள். வரதனுக்கு ஒன்று வெட்டிக் கொடுத்தாள், எனக்கு ஒன்று. பிறகு கல்லடியில் ஒவ்வொன்றாக வைக்க ஆரம்பித்தவள் நடுவில் நிறுத்திவிட்டாள்.

"எத்தினி பேருன்னு தெரியாம எத்தினி சார் வெக்கிறது?"

வரதன் ஆசாரம் பார்த்துத் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டிருந்தவன், குனிந்து கூடையைத் தன் கையால் கல்லின் பக்கமாகச் சாய்த்தான். "இருக்கறது எல்லாத்தையும் வையும்மா."

இனி, போகிறவர்களுக்கு. திருவள்ளூரிலிருந்து மின்சார ரயில், பேசின் பிரிட்ஜில் மாற்று, கும்மிடிப்பூண்டி வரை ஒரே மூச்சு. மாற்று வண்டி சரியாக அமைந்தால் இரண்டரை மணி, அமையாவிட்டால் ஒரு யுகம். கட்டணம் ஒரு சுமாரான டீயும் வடையும் ஆகும். காலை ஷிஃப்டு ஜனம் ஏறுவதற்கு முன் ஏறிவிடுங்கள், இல்லையென்றால் ஒற்றைக் காலில்தான் தவம்.

கல் இப்போதும் பஜார் தெருவில் இருக்கிறது. படிப்பகம் இருந்த இடத்தில் சைக்கிள் ஸ்டாண்டு வந்து, அதுவும் மோட்டார் பைக் ஸ்டாண்டாக மாறிவிட்டது. பார்க்க வேண்டும் என்றால் ஸ்டாண்டுக்காரரிடம் சொல்லுங்கள், கீழ் வரிக்கு முன்னால் நிற்கும் இரண்டு வண்டிகளை நகர்த்திக் கொடுப்பார். வைகாசி வெயிலில் போனால் ரயிலடியிலேயே நுங்கு விற்பார்கள். உங்களுக்குப் போக எவ்வளவு மிஞ்சினாலும் பரவாயில்லை, அந்தக் கீழ் வரிக்கு முன்னால் வைத்துவிடலாம்.