ராஜா மறுபடி உள்ளே வருகிறார்

பாரிஸ் லா சப்பலில், லூயி-பிளாங் தெருச் சாப்பாட்டுக் கடையொன்றில் கொத்துரொட்டிக்குக் காத்திருக்கிறேன். நரைத்த ஜெர்மன்காரர் ஒருவர் உள்ளே வருகிறார். முன்பு ஜெர்மனியில் அகதி முகாமில் இருந்த கடைக்காரர், அவரைக் கண்டதும் பதறிப்போய் அடையாள அட்டையை எடுத்து நீட்டுகிறார். பிறகு தானே வெடித்துச் சிரிக்கிறார்.

“அண்ணை, இவர் நடிகர்! முகாம் டிவியிலை இவரைப் பொலிஸாத்தான் பார்த்தனாங்கள்.”

நடிகரும் சிரித்து, ஜெர்மனில் ஏதோ சொல்கிறார். மேடையில் ராஜாவாகத் தொடங்கியவராம். சினிமாவில் பொலிஸ் வேடம் மட்டும்தானாம். கடைக்காரர் இதை எங்களுக்குத் தமிழில் சொல்லிவிட்டு, தன் பங்குக்கும் சேர்க்கிறார்.

“எங்கடை கூத்திலை மத்தளம் அடிக்காமல் ராசா வரமாட்டார்!”

நடிகரை வாசலுக்கு வெளியே அனுப்புகிறார். கல்லில் கொத்துத் தகடுகள் தாளம் போடுகின்றன. மழைக்கோட்டைத் தோளில் போர்த்தி, நெஞ்சை நிமிர்த்தி நடிகர் நுழைகிறார். சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் எச்சில் கையோடு எழுந்து நிற்கிறார்கள்.