ராக்கிக்கு நான் கொடுத்த மாத்திரை

நான் பொய் சொன்னேன். அந்தப் பொய்யால் ஒரு நாய் தன் காலை இழந்தது; ஒரு மருத்துவரின் பெயர் கெட்டது.

ராக்கி என் தம்பி தினேஷின் நாய். வேலைக்காக ஜொகூருக்குப் போனபோது, கிள்ளானில் என் வீட்டில் விட்டுச் சென்றான். ஒருநாள் தெருநாய் ஒன்று அதன் பின்னங்காலைக் கடித்துவிட்டது. என் தொண்டைப் புண்ணுக்கு வாங்கிய ஆன்டிபயாடிக் மிச்சம் இருந்தது. பாதியாக உடைத்து ரொட்டியில் பொதிந்து கொடுத்தேன். புண் காய்ந்ததும் நிறுத்தினேன். மறுபடியும் சீழ் வைத்தது, மறுபடியும் கொடுத்தேன்... என்ன கெட்டிக்காரத்தனம்!

ராக்கி எழவே முடியாமல் கிடந்த பிறகுதான் பிரிக்பீல்ட்ஸ் கால்நடை கிளினிக்கிற்குத் தூக்கிக்கொண்டு ஓடினேன்.

“இதுக்கு முன்னால ஏதாச்சும் மருந்து குடுத்தீங்களாக்கா?” என்று கேட்டார் அந்த இளம் மருத்துவர்.

“இல்ல டாக்டர்.”

ஏன் அப்படிச் சொன்னேன்? பயமா? வெட்கமா? என்னை நம்பி, அவர் அதே வகை மருந்தில்தான் தொடங்கினார். நான் அரைகுறையாகக் கொடுத்துப் பழக்கிவிட்ட கிருமியிடம் அது வேலை செய்யவில்லை. சீழைச் சோதித்து மருந்தை மாற்றுவதற்குள் கிருமி எலும்பில் இறங்கிவிட்டது. காலை எடுத்தார்கள்.

“அந்த டாக்டருக்கு ஒன்னும் தெரியல லா,” என்று தினேஷ் எல்லாரிடமும் சொன்னான், ஃபேஸ்புக்கிலும் எழுதினான். நான் வாய் திறக்கவில்லை. நீங்களாக இருந்தால் திறந்திருப்பீர்களா?

இப்போது அவன் ஜொகூரிலிருந்து திரும்பி, ராக்கியோடு ரவாங்கில் இருக்கிறான். போன வாரம் நான் அங்கே போயிருந்தபோது, என் முன்னாலேயே தன் பக்கத்து வீட்டுக்காரரிடம், “அந்த பிரிக்பீல்ட்ஸ் கிளினிக்குக்கு மட்டும் நாயக் கொண்டு போகாதீங்கண்ணே,” என்றான்.

போதும் என்று தோன்றியது.

“டாக்டர் மேல தப்பில்லடா. நான் மாத்திரை குடுத்தேன். கேட்டப்ப மறைச்சிட்டேன்.”

தினேஷ் என் பக்கம் திரும்பினான். “ஏன்க்கா அப்பவே சொல்லல?”



மறுநாளே அந்த மருத்துவரிடம் போய் எல்லாவற்றையும் சொன்னேன்.

“அன்னிக்கே சொல்லியிருந்தா வேற மருந்துல ஆரம்பிச்சிருப்பேன். கால் தப்பிச்சிருக்கலாம்,” என்றார். அவ்வளவுதான். அடுத்த நாயை உள்ளே அழைத்தார்.

தினேஷ் எழுதியதை அழித்துவிட்டான். என் அழைப்பை எடுப்பதில்லை. ஞாயிற்றுக்கிழமை ரவாங்கிற்குப் போகத்தான் போகிறேன். அவன் கதவைத் திறக்காமல் போகலாம்... திட்டலாம். அதற்கெல்லாம் நான் தயார்.

ராக்கி மூன்று காலில் தத்தித் தத்தி வந்து என் கையை நக்குமே, அதற்குத்தான் எப்படித் தயாராவது என்று தெரியவில்லை.