பத்து டைலின் சொந்தக்காரர்

இசக்கிதுரையோடு வெளியே போனால் மானம் போகும். இதை அவர் மனைவி பேச்சியம்மாள் வாய்விட்டே சொல்வாள். மகள் மகா சொல்ல மாட்டாள். பத்தடி தள்ளி நடப்பாள், யாரோ எவரோ மாதிரி.

எல்லாவற்றுக்கும் காரணம் அவர் சட்டைப் பையில் கிடக்கும் ஓர் ஐந்து ரூபாய் நாணயம். எங்கே தரை பளபளத்தாலும் அந்த இடத்திலேயே குந்தி உட்கார்ந்து நாணயத்தால் தட்டிப் பார்ப்பார். டைலுக்கு அடியில் கலவை நிறைந்திருந்தால் ‘டக்’ என்று கேட்கும். ஓரத்தில் மட்டும் பூசி ஒட்டியிருந்தால் ‘டொக்’. டொக் கேட்டுவிட்டால் மனிதருக்கு முகமெல்லாம் பல்லாகிவிடும். ஒருமுறை கொச்சியில், இடப்பள்ளி மாலில், செருப்புக் கடை வாசலில் இப்படி உட்கார்ந்துவிட்டார். காவலாளி பதறி ஓடி வந்து, “எந்து போயி சேட்டா?” என்று தானும் குனிந்து தேடினார்.

“என்னோடது ஒண்ணும் போகல. உங்க டைல்தான் போச்சு. அடியில காலி” என்றார் இசக்கிதுரை. மகா அன்றைக்குப் பத்தடியை இருபதாக்கினாள்.

சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து மணல் சுமக்க வந்தவர் அவர், பத்தொன்பது வயதில். சுமந்த மணல் எங்கே போகிறது என்று வேடிக்கை பார்த்துப் பார்த்தே டைல் ஒட்டக் கற்றுக்கொண்டார். எர்ணாகுளத்தில் எத்தனையோ வீடுகளுக்குக் கண்ணாடி மாதிரி தரை போட்டுக் கொடுத்துவிட்டு, இரவில் கொச்சங்காடியின் வாடகை வீட்டில் சிமெண்டு பெயர்ந்த தரையில் வந்து படுப்பார். பக்கத்துக் கிட்டங்கியில் மிளகு மூட்டை இறங்கும் நாட்களில் வீடே தும்மும். ஐந்து வாடகை வீடு மாறியும் தும்மல் மாறவில்லை.

நான்கு வருடத்துக்கு முன்னால், மட்டாஞ்சேரியில் ஒரு சந்தின் கடைசியில் சின்னதாக ஒரு பழைய வீடு இருபது லட்சத்துக்கு வந்தது. நான்கு லட்சத்துக்குப் பேச்சியம்மாளின் நகைகள் போயின. மீதிப் பதினாறு லட்சத்தை பாங்கு கொடுத்தது. சாவி கைக்கு வந்த அன்றே பழைய தரையை உடைத்துப் போட்டுவிட்டு, ஹாலுக்கும் இரண்டு அறைகளுக்கும் நூற்றிருபது டைலை மூன்றே நாளில் அவரே ஒட்டினார். ஒன்றுகூட டொக் சொல்லாது. யார் வந்தாலும் நாணயத்தைக் கையில் கொடுத்து, “தட்டிப் பாருங்க” என்பார். வந்தவர் தட்டித்தான் ஆக வேண்டும். அதற்கு அப்புறம்தான் சாயா.

மாதம் பதினாலாயிரத்து நானூறு ரூபாய் கட்டினார். ஒரு மாதமும் தவறியதில்லை. இருபது வருடக் கடனில் நான்கு வருடம் ஓடிவிட்டது. கட்டியது ஏழு லட்சத்தைத் தொட்டுவிட்டது. பதினாறில் ஏழு போனால் ஒன்பது. டைல் கணக்கும் அப்படித்தானே? நூறில் நாற்பது ஒட்டிவிட்டால் பாக்கி அறுபது. “பாதி முடிஞ்ச மாதிரிதான்” என்று கடைத்தெருவில் ஒருத்தர் பாக்கியில்லாமல் சொல்லி வைத்திருந்தார்.

இந்த சமயத்தில்தான் ஏப்ரல் வந்தது. ஹாலில் இருக்கும் ஒற்றை ஃபேன் வெந்நீரைக் கலக்குவது மாதிரி காற்றைக் கலக்கிக்கொண்டிருந்தது. இசக்கிதுரைக்கு ஏ.சி. ஆசை வந்தது. மாதம் இரண்டாயிரம் தவணையில் கிடைக்கும், ஆனால் அந்த இரண்டாயிரத்துக்கு எங்கே போவது? ஆசை வந்த வீட்டை மோப்பம் பிடித்த மாதிரி ரோஹன் வந்தான். கடன் பிடித்துக் கொடுக்கும் ஏஜென்ட். ஹெல்மெட்டைக்கூடப் புன்னகையோடுதான் கழற்றுவான்.

“சேட்டா, லோனை வேற இடத்துக்கு மாத்தாம். பலிச, அதான் வட்டி, அதே ஒன்பது சதவீதம்தான், காலத்தை இருபத்தஞ்சு வருஷமா நீட்டிடுவோம். மாச அடவு பன்னிரண்டாயிரத்து சில்லறைதான். ரெண்டாயிரம் உங்க கையில நிக்கும்!”

“என் வயசுக்கு அவ்வளவு வருஷம் கொடுப்பாங்களா? நாப்பத்தாறு ஆவுதே.”

“மோளுக்கு பதினெட்டு ஆயில்லே? அவளும் சேர்ந்து ஒரு ஒப்பு, ஒரு கையெழுத்து, போட்டா மதி.”

மகாவுக்குப் போன மாதம்தான் பதினெட்டு முடிந்திருந்தது. ப்ளஸ் டூ கணக்கில் ஒரு தடவை கோட்டை விட்டு, இரண்டாம் தடவைக்குப் படிக்கிற பேரில் வீட்டில் இருந்தாள். படித்ததெல்லாம் மலையாளத்தில், தமிழ் வாயில் மட்டும். திங்கட்கிழமை காகிதங்களோடு வருவதாகச் சொல்லிவிட்டு ரோஹன் போனான். பத்திரம், மதிப்பீடு, ஃபைல் என்று காகிதச் செலவுக்கும் ஏ.சி.யின் முன்பணத்துக்கும் சேர்த்து, சீட்டு எடுத்த இருபத்தேழாயிரம் பீரோவில் தயாராக இருந்தது.

சனிக்கிழமை சாயங்காலம் வேலை முடிந்து, முழங்காலைத் தேய்த்துக்கொண்டே இசக்கிதுரை வாசல்படி ஏறினார்.

“நில்லுங்கப்பா! அங்க கால் வைக்காதீங்க. அது பாங்கு!”

ஹாலில் ஒரு நீலக் கோடு. அவர் வேலைக்குக் கொண்டுபோகும் நீலப்பொடி நூலையே எடுத்து, சுண்டிவிட்டுக் கோடு போட்டிருந்தாள் மகா. கோடு நேராகவும் இருந்தது. அதில் அவருக்கு ஒரு நொடி பெருமைகூட வந்தது. வாசலிலிருந்து உள்ளே, வரிசைக்கு ஐந்தாக இரண்டு வரிசை டைல் கோட்டுக்கு இந்தப் பக்கம். மற்றதெல்லாம் அந்தப் பக்கம்.

“என்ன பிள்ள கூத்து இது?”

“கூத்து இல்ல, சர்வே. இந்தப் பத்து டைல் உங்களோடது. நூத்திப்பத்து பாங்கோடது. அடுக்களையும் பாத்ரூமும் அம்மா நகையில வாங்கினது, அது அம்மாவோடது.”

அடுக்களை வாசலில் பேச்சியம்மாள் கரண்டியோடு நின்றாள். நான்கு வருடத்தில் அவள் அவ்வளவு நிமிர்ந்து நின்று யாரும் பார்த்ததில்லை. “பாத்ரூம் போறதா இருந்தா என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டுப் போங்க” என்றாள்.

இசக்கிதுரை சிரித்தார். “பதினாறுல ஏழு கட்டியாச்சுட்டி. அம்பது டைலுக்கு மேல வருமே. கணக்குல தோத்த பிள்ள கணக்குச் சொல்லுது!”

“கணக்கு நான் போடல, பாங்கே சொல்லுது.” கையெழுத்துப் போடும் முன் எதில் போடுகிறோம் என்று பார்க்க, அவர் வீட்டில் விட்டுப்போன போனில் பாங்கின் ஆப்பை இறக்கியிருந்தாள். அதை நீட்டினாள். பாக்கி: பதினாலு லட்சத்து அறுபத்திரண்டாயிரம்.

அவர் போனை ஒரு தடவை பார்த்தார். கண்ணாடியைத் துடைத்துவிட்டு இன்னொரு தடவை பார்த்தார். பிறகு போனின் முதுகில் விரலால் ஒரு தட்டுத் தட்டினார், பழக்க தோஷம்.

“ஏழு லட்சம் எங்க பிள்ள போச்சு?”

“அஞ்சரை லட்சம் வட்டிக்குப் போச்சு. ஒண்ணரைகூட இல்ல, ஒண்ணு முப்பத்தெட்டுதான் கடன்ல கழிஞ்சிருக்கு. எவ்வளவு பாக்கியோ அதுக்குத்தான் மாசாமாசம் வட்டி. ஆரம்பத்துல பாக்கி மலை மாதிரி இருக்கு, அதனால வட்டியும் மலை. நீங்க கட்டுற பதினாலாயிரத்து நானூறுல பதினோராயிரத்தை வட்டி தின்னுட்டு, மிச்சம்தான் வீட்டுக்கு வருது. ஒரு டைலுக்குப் பதிமூவாயிரத்து சொச்சம் கடன். அப்போ மாசத்துக்கு கால் டைல்.”

கால் டைல். இசக்கிதுரை ஒரு நாளைக்கு நாற்பது முழு டைல் ஒட்டுகிறவர். அதே மனிதர் மாதம் முழுக்க முட்டி தேயக் குந்தி வேலை பார்த்து, தன் வீட்டில் ஒட்டியது ஒரு கால் டைல். பத்து டைலின் ஓரத்தில் மெல்ல உட்கார்ந்தார்.

“இருபது வருஷம் முடியும்போது?”

“பதினாறு லட்சத்துக்கு முப்பத்தினாலரை லட்சம் கட்டியிருப்பீங்க. ரெண்டு வீட்டுக் காசு, ஒரு வீடு.”

“அந்த ரெண்டாவது வீடு எங்கட்டி இருக்கு?”

“பாங்குல ஏ.சி. ஓடுதுல்ல, அதுக்குள்ள” என்றாள் பேச்சியம்மாள்.

ஞாயிற்றுக்கிழமை காலை அவள் ஹாலைத் துடைத்தாள். பத்து டைலைப் பளிச்சென்று துடைத்துவிட்டு, கோட்டருகே வந்ததும் துணியைப் பிழிந்து வாளியில் போட்டாள். “மிச்சத்தை பாங்கு மேனேசர் வந்து துடைக்கட்டும். எனக்கென்ன சம்பளமா தாரான்?”

இசக்கிதுரை சிரித்தார், ஆனால் சிரிப்பு பாதியில் நின்றது. சாயா தம்ளரை வைத்துவிட்டு மகளைக் கூப்பிட்டார். “அந்தப் பையன் சொல்லுத புது லோனுக்குக் கணக்குப் பாரு. அதுல மாசம் எத்தனை டைல்?”

மகா போனில் தட்டினாள். தட்டிவிட்டு இன்னொரு தடவை தட்டிச் சரிபார்த்தாள். குறும்புக்காரப் பிள்ளை ஒரு கணக்கை இரண்டு தடவை போட்டால் விஷயம் பெரிசு என்று அவருக்குத் தெரியும்.

“சொல்லு பிள்ள.”

“வட்டி அதே பதினோராயிரம்தான் போகும். கட்டுறது குறைஞ்சா, குறையறது வட்டி இல்லப்பா, நம்ம பங்கு. ஆயிரத்து முந்நூறுதான் வீட்டுக்கு வரும். டைல்ல பத்துல ஒரு பங்கு.”

“ரெண்டடி டைல்ல ரெண்டு இஞ்சு துண்டு!” இசக்கிதுரை எழுந்தே விட்டார். “அந்தத் துண்டையெல்லாம் நான் சாக்குல அள்ளிக் குப்பையில போடுவேன்!”

“மொத்தத்துல ஒம்பது லட்சம் கூடுதல். இப்படியே கட்டினா உங்களுக்கு அறுபத்திரண்டு வயசுல முடியும். நீட்டினா எழுபத்தொண்ணு.” போனைக் கீழே வைத்தாள். “மலையாளத்துல அடவுன்னா தவணை. தந்திரத்துக்கும் அதே வார்த்தைதான்ப்பா.”

அவர் முழங்காலைப் பார்த்துக்கொண்டார். இப்போதே எழும்போது அது ‘டொக்’ என்கிறது. எழுபத்தொரு வயதில் யார் வீட்டில் குந்தி உட்கார்ந்து ஒட்டுவது? அப்போதுதான் இன்னொன்று உறைத்தது. அவரால் முடியாமல் போனால் கட்ட வேண்டியது, சேர்ந்து கையெழுத்துப் போடுகிறவள்.

“அப்போ உனக்கு என்ன வயசு ஆவும்?”

“நாப்பத்துமூணு” என்றாள் மகா. “பரவால்ல. பாக்குறதுக்கு எப்படியும் அம்மாவை விட நல்லாத்தான் இருப்பேன்.”

அடுக்களையிலிருந்து ஒரு வெங்காயம் பறந்து வந்து பாங்கின் ஏரியாவில் விழுந்தது.

திங்கட்கிழமை ரோஹன் காகிதங்களோடு வந்தான். “அங்கேயே நில்லுங்க தம்பி, அது வேற ஆளு இடம்” என்று இசக்கிதுரை அவனைப் பத்து டைலுக்குள் இழுத்து, நாணயத்தைக் கையில் கொடுத்தார். அவன் தட்டினான். டக்.

“நல்ல சத்தம் சேட்டா.”

“ஆமா. உங்க லோனைத் தட்டிப் பாத்தேன். அடியில காலி.”

மகா நீலக் கோட்டின் கதையைச் சொன்னாள். ரோஹனின் புன்னகை முதலில் நின்றது, பிறகு வேறொரு சிரிப்பாகத் திரும்பி வந்தது. ஏஜென்டுடையது அல்ல, வீட்டில் சிரிக்கிற சிரிப்பு. “எண்டெ பைக்குக்கு இப்படி ஒரு கோடு வரச்சா, ஒரு சைடு கண்ணாடி மட்டும்தான் என்னோடது” என்றான். காகிதங்களை மடித்துப் பையில் வைத்துவிட்டு, பேச்சியம்மாள் கொடுத்த சாயாவைக் குடித்துக்கொண்டே, யாரும் கேட்காத ஒன்றையும் சொன்னான்.

“கையில காசு இருந்தா, உங்க பாங்கிலேயே கூடுதலா அடைங்க. உங்களுது வட்டி ஏறி இறங்குற லோன், அதனால ஃபைன் இல்ல. அது அப்படியே அசல்ல கழியும். மாச அடவைக் குறைக்கணுமா, வருஷத்தைக் குறைக்கணுமான்னு கேப்பாங்க. வருஷம்னு எழுதிக் கொடுங்க, கேட்டோ?”

“இதைச் சொன்னா உனக்குக் கமிஷன் வருமா தம்பி?”

“இல்ல சேட்டா. சாயா நல்லா இருந்து.”

அன்று மத்தியானமே இசக்கிதுரை சலவைச் சட்டை போட்டுக்கொண்டு, பீரோவிலிருந்த இருபத்தேழாயிரத்தோடு பாங்குக்குப் போனார். மகா கூடப் போனாள், இந்தத் தடவை பக்கத்திலேயே நடந்து. வருஷத்தைக் குறைக்கச் சொல்லி எழுதிக் கொடுத்துவிட்டு, வெளியே வருமுன் அவர் குனிந்து பாங்கின் தரையைத் தட்டினார். மகா தடுக்கவில்லை. “எப்படிப்பா?” என்று மட்டும் கேட்டாள்.

“டக்” என்றார் வருத்தத்தோடு. “நம்ம காசுல்லா, நல்லா நிறைச்சுத்தான் போட்டிருக்கான்.”

ஏ.சி.க்குக் கட்டுவதாக இருந்த இரண்டாயிரத்தை, ஞாயிற்றுக்கிழமை சில்லறை வேலையில் சம்பாதித்து மாதாமாதம் கூடுதலாகக் கட்டுவது என்று வரும் வழியிலேயே முடிவாயிற்று. மகா போனைத் தட்டிப் பார்த்துச் சொன்னாள்: அப்படிக் கட்டினால் அறுபத்திரண்டு வரை போகாது, ஐம்பத்தெட்டிலேயே முடிந்துவிடும். அதைக் கேட்டதும் அவர் சந்து முழுக்க முழங்காலைத் தேய்க்காமல் நடந்தார்.

வீட்டுக்கு வந்ததும் நீலப்பொடி நூலின் ஒரு முனையை அவர் பிடித்தார், மறுமுனையை மகா. பழைய கோட்டைப் பேச்சியம்மாள் துடைத்தாள். நூலைச் சுண்டினார்கள். இரண்டு டைல் உள்ளே வந்தது. அப்போதுதான் மூன்று பேரும் ஒரே சமயத்தில் மேலே பார்த்தார்கள். புதிதாக வந்த இரண்டில் ஒன்று, ஃபேனுக்கு நேர் கீழே.

இசக்கிதுரை அந்த டைலை நாணயத்தால் தட்டினார். அவர் போட்ட தரை, அவருக்கே தெரிந்த சத்தம். ஆனாலும் இன்னொரு தடவை தட்டினார். பிறகு பனியனைக் கழற்றிவிட்டு நீட்டி நிமிர்ந்து படுத்தார். பக்கத்தில் பேச்சியம்மாள் முந்தானையால் விசிறிக்கொண்டு உட்கார்ந்தாள். ஃபேன் அதே வெந்நீர்க் காற்றைத்தான் கலக்கியது. ஆனால் இப்போது அது சொந்த டைலின் மேல் விழுந்த காற்று.

மகா கோட்டுக்கு அந்தப் பக்கம் காலை நீட்டிப் படுத்தாள்.

“ஏ பிள்ள, இங்கிட்டு நகர்ந்து வா” என்றார் இசக்கிதுரை, கண்ணைத் திறக்காமலே தன் பக்கத்தில் கொஞ்சம் இடம் விட்டு. “அங்க படுத்தா வட்டி கேப்பான்.”