ஒரே பெண்ணைப் பற்றி இரண்டு அறிக்கைகள்

எனக்குச் சாதிச் சான்றிதழ் எழுதிக் கொடுத்த கிராம அதிகாரி சைக்கிளை விட்டுக்கூட இறங்கவில்லை. ஒரு காலைத் தரையில் ஊன்றிக்கொண்டு, ஹேண்டில்பாரில் நோட்டை வைத்து எழுதினார். அவருக்கு என் அப்பாவைத் தெரியும், அது போதுமாக இருந்தது. என் தலைமுடி எப்படி இருக்கிறது, மூக்கு எப்படி இருக்கிறது, வீட்டில் என்ன சமைக்கிறார்கள் என்றெல்லாம் அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் என் அப்பா அவரை அடுத்த முறை ஊருக்குள் விட்டிருக்க மாட்டார். பிற்பாடு நான் வருவாய்த் துறையில் சேர்ந்து, வருவாய் ஆய்வாளராக, அதாவது ஆர்.ஐ. ஆகி, இதையெல்லாம் மற்றவர்களிடம் கேட்கிற வேலைக்கு வந்தேன்.

மாவட்டம் பிரிந்து ஐந்தாறு வருடம் ஆகியிருந்தது. என் பொறுப்பில் இருந்த ஊர்களில் ஒன்றில், அடி அண்ணாமலையைத் தாண்டி உள்ளே போனால், ஏரிக்கரையை ஒட்டிப் பத்துப் பதினைந்து இருளர் வீடுகள் இருந்தன. மற்றச் சாதிக்காரர்களுக்கு ஒரு கையெழுத்தில் முடிகிற சான்றிதழ், பழங்குடிகளுக்கு மட்டும் நேரடி விசாரணை வைத்துத்தான் கிடைக்கும். பழங்குடி என்று பொய் சொல்லி வேறு ஆட்கள் வாங்கிவிடுகிறார்கள் என்ற பயம் அலுவலகத்துக்கு உண்டு. அந்தப் பயத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் பொய்யர்களைப் பிடிக்க வைத்த வலையில் எப்போதும் உண்மையானவர்கள்தான் மாட்டினார்கள், ஏனென்றால் பொய்யர்கள் தயாராக வருவார்கள்.

விசாரணைக்கென்று சைக்ளோஸ்டைல் செய்த ஒரு தாள் இருந்தது. அதில் பன்னிரண்டு கேள்விகள். உடல் நிறம், முடியின் தன்மை, மூக்கு, உதடு, குலத்தொழில், உணவு, வழிபாடு, கல்யாணமும் சாவும் நடக்கும் முறை, வீட்டின் அமைப்பு என்று போகும். வெள்ளைக்காரன் காலத்துப் புத்தகம் எதையோ பார்த்து யாரோ தயாரித்தது என்று எங்கள் சூப்பரின்டெண்ட் சொல்வார். எந்தப் புத்தகம் என்று அவருக்கும் தெரியாது. நான் அதைப் பற்றி யோசித்ததில்லை. படிவம் என்றால் நிரப்ப வேண்டும், அவ்வளவுதான் எனக்குத் தெரிந்தது.

அந்த வீடுகளில் முதன்முதலாக ஒரு பெண் பிளஸ் டூ முடித்தாள். அப்பா ரைஸ் மில்லில் நெல் அவிப்பவர், அம்மா அதே மில்லில் களத்து வேலை. பெண்ணுக்கு ஆசிரியர் பயிற்சியில் இடம் வந்திருந்தது. ஜூலை முடிவதற்குள் சான்றிதழ் கொடுக்காவிட்டால் இடம் போய்விடும். போய்விட்டால் அவளுக்கும் களம்தான், மில்காரர் அதற்கு முன்பிருந்தே அவளை வேலைக்குக் கேட்டுக்கொண்டிருந்தார்.

ஜூன் மாதம் நான் விசாரணைக்குப் போனேன். ஆர்.ஐ. அம்மா வருகிறார் என்று வீட்டுக்கு வெள்ளையடித்திருந்தார்கள். எங்கிருந்தோ ஒரு பிளாஸ்டிக் சேர் இரவல் வாங்கி வந்து போட்டிருந்தார்கள். பெண் எண்ணெய் வைத்து இறுக்கப் பின்னி, இஸ்திரி போட்ட பாவாடை தாவணியில் நின்றாள். கேட்டதற்கெல்லாம் தெளிவாகப் பதில் சொன்னாள். சுவரில் முருகன் காலண்டர், ஆணியில் ஒரு டிரான்சிஸ்டர். எலி, பாம்பு பிடிப்பது உண்டா என்று தாளைப் பார்த்துக் கேட்டேன். அதெல்லாம் தன் அப்பா காலத்திலேயே விட்டாயிற்று என்று பெண்ணின் அப்பா கூச்சத்தோடு சொன்னார். கன்னியம்மாவைக் கும்பிடுவதையும் மாசி மகத்துக்கு மாமல்லபுரம் போவதையும் பற்றிச் சொன்னார். அதையும் குறித்துக்கொண்டேன்.

எனக்கு அந்தக் குடும்பத்தை மிகவும் பிடித்துப்போயிற்று. அதனால் அறிக்கையை மெனக்கெட்டு எழுதினேன். வீடு சுத்தமாக உள்ளது, பெண் நல்ல ஒழுக்கமும் நாகரிகமும் உள்ளவள், பிழையின்றித் தமிழ் பேசுகிறாள், பழைய வழக்கங்களைக் கைவிட்டு முன்னேறி வருகிறார்கள், சான்றிதழ் வழங்கப் பரிந்துரைக்கிறேன் என்று முத்து முத்தான கையெழுத்தில் ஒன்றரைப் பக்கம். அப்போது எனக்கு என்னைப் பற்றி ஒரே பெருமை.

பத்து நாளில் மனு தள்ளுபடியாகித் திரும்பி வந்தது. பழங்குடியினருக்குரிய கூறுகள் எதுவும் காணப்படவில்லை, இது ஆர்.ஐ.யின் அறிக்கையிலிருந்தே தெளிவாகிறது என்று ஆணையில் இருந்தது. சுத்தம், நாகரிகம், பிழையற்ற தமிழ் என்று என் வார்த்தைகளையே எடுத்து வரிசையாகப் போட்டிருந்தார்கள்.

சூப்பரின்டெண்ட் படித்துவிட்டுச் சிரித்தார். "என்னம்மா, பொண்ணு பாக்கப் போன மாதிரி எழுதி வெச்சிருக்கீங்க. அவங்க இருளராத் தெரியணும்மா."

எனக்குக் கோபம் வந்தது. அவர் மேல் வந்ததா, என் மேல் வந்ததா என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை. மறு விசாரணைக்கு மனு வாங்கி, நானே மேலே கொண்டுபோய்க் கொடுத்தேன். இந்த முறை சான்றிதழில் கையெழுத்துப் போடும் அதிகாரியே நேரில் வந்து பார்ப்பதாகச் சொன்னார்.

மறுபடி அந்த வீட்டுக்குப் போனேன். இந்த முறை செய்ய வேண்டியதை எல்லாம் நான்தான் சொல்லிக்கொடுத்தேன். சேர் வேண்டாம், டிரான்சிஸ்டரைக் கழற்றி வையுங்கள், காலண்டர் வேண்டாம், பெண் தலைக்கு எண்ணெய் வைக்கக் கூடாது, பின்னக் கூடாது, செருப்பு கூடாது. எலி பிடித்துக் காட்டினால் நல்லது. என் வாயால் இதையெல்லாம் ஒவ்வொன்றாகச் சொன்னேன். நல்ல எண்ணத்தில்தான் சொன்னேன், அதில் சந்தேகம் இல்லை. அம்மா கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, "சுத்தமா இருந்தா நாங்க இருளரு இல்லீங்களா?" என்றாள். அவள் குரலில் கோபம் இல்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். நான் ஜூலை கடைசித் தேதியை ஞாபகப்படுத்தினேன்.

அப்பாவின் சிக்கல் வேறு. "எலி புடிக்கத் தெரியாதுங்கம்மா. சின்ன வயசுலயே மில்லுக்கு வந்துட்டன்." பக்கத்து ஊரில் ஒரு பங்காளிக்குத் தெரியும், போய்க் கற்றுக்கொண்டு வருகிறேன் என்றார். மில்லில் மூன்று நாள் லீவு சொல்லிவிட்டு அப்படியே போனார்.

மொபெட்டில் திரும்பும்போது எங்கள் குடும்பத்துக் கதை நினைவுக்கு வந்தது. குலதெய்வம் கோயிலில் வருடா வருடம் சொல்வார்கள். எங்கள் முன்னோர் எங்கிருந்தோ மாட்டு வண்டியில் வந்தார்கள். இங்கே ஒரே காடு. காட்டை வெட்டிக் கழனி ஆக்கினார்கள். தண்ணீர் இல்லாமல் தவித்தபோது காட்டுக்குள்ளிருந்து ஒருவன் வந்து ஊற்று இருந்த இடத்தைக் காட்டினான். அத்தோடு அவன் கதையிலிருந்து போய்விடுவான். காட்டை வெட்டிய பிறகு அவன் எங்கே போனான் என்று நானும் கேட்டதில்லை, சொல்பவர்களும் யோசித்ததாகத் தெரியவில்லை.

அதிகாரி வர வேண்டிய நாள் பௌர்ணமியில் விழுந்தது. ஜீப், ஆள் எல்லாம் கிரிவல வேலைக்குப் போய்விட்டதால் விசாரணை நான்கு நாள் தள்ளிப்போனது.

வந்தவர் கெட்ட மனிதர் இல்லை. மெதுவாகப் பேசுவார், யாரையும் ஒருமையில் அழைக்க மாட்டார். பெண் அம்மாவின் பழைய புடவையைச் சுற்றிக்கொண்டு, வறண்ட தலையோடு வெறுங்காலில் நின்றாள். அவர் அவள் முகத்தைப் பக்கவாட்டில் பார்த்தார், பிறகு எதிரில் வந்து பார்த்தார். முடி சரியாக இருக்கிறது, மூக்குத்தான் கொஞ்சம் எடுப்பாக இருக்கிறது, கறுப்பும் கம்மி என்று என்னிடம் சொன்னார். அவள் என்னைவிட ஒரு படி சிவப்பு. அந்தத் தாளில் உள்ளபடி பார்த்தால் நான்தான் அவளைவிட நல்ல இருளச்சி. இது எனக்கு அங்கேயே தோன்றியது. அதிகாரி என் மூக்கைப் பார்க்கவில்லை.

பிறகு எல்லோரும் ஏரிக்கரை வரப்புக்குப் போனோம். அப்பா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கடப்பாரையால் வளையைத் தோண்டினார். முதல் வளையில் ஒன்றும் இல்லை. இரண்டாவதிலும் இல்லை. வியர்வை கொட்டியது. எங்களைத் திரும்பிப் பார்க்காமல் தோண்டினார். மூன்றாவதில் கையை விட்டு ஒன்றைப் பிடித்து வாலைப் பற்றித் தூக்கினார். அதிகாரி இரண்டடி பின்னால் நகர்ந்து, போதும் போதும் என்று சொல்லித் திருப்தியாகத் தலையாட்டினார். எலியைப் பெண்ணின் அப்பா என்ன செய்வது என்று தெரியாமல் வைத்துக்கொண்டு நின்றார். மனைவி கண்ணைக் காட்டியதும் விட்டுவிட்டார்.

சான்றிதழ் ஜூலை கடைசி வாரத்தில் கைக்கு வந்தது, பெண் படிப்பில் சேர்ந்தாள். பல வருடம் கழித்து அவள் ஒரு பள்ளிக்கூடத்தில் ஆசிரியையாக இருப்பதாகக் கேள்விப்பட்டேன். அது நல்ல செய்தி, எனக்குச் சந்தோஷம். ஆனால் அந்த மாதத்தை நினைத்தால் எனக்கு ஞாபகம் வருவது, ஜீப் போன பிறகு நடந்தது.

வாக்குமூலத்தை இன்றே வாங்கி அறிக்கையோடு சேர்த்து அனுப்பிவிடுங்கள் என்று அதிகாரி சொல்லிவிட்டுப் போயிருந்தார். நான் ஒரு கூடையைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்து அப்பா சொல்வதுபோல எழுதினேன். தாளுக்கு என்ன வேண்டும் என்று இப்போது எனக்கு நன்றாகத் தெரிந்திருந்தது. நாங்கள் இருளர், எங்கள் தொழில் எலி பிடிப்பது, அதையே உண்போம், நாள்தோறும் குளிக்கும் வழக்கம் இல்லை, சுத்தம் சுகாதாரம் அறியோம், நாகரிகம் இல்லாதவர்கள், என் மகளும் அவ்வாறே. இரண்டு பக்கம் ஆயிற்று.

எழுதப் படிக்கத் தெரியாதவருக்குப் படித்துக் காட்டிவிட்டுத்தான் கைநாட்டு வாங்க வேண்டும், அது சட்டம். அவர் எதிரில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து காத்திருந்தார். நகக்கண்ணில் இன்னும் மண் இருந்தது. தாளைக் கையில் வைத்துக்கொண்டு தொண்டையைச் செருமினேன்.

"குடுங்க மேடம், நான் படிக்கறேன்" என்று பெண் வாங்கிக்கொண்டாள்.

முதலில் இரண்டு பக்கத்தையும் மனதுக்குள் படித்தாள். அவள் முகத்தில் ஒன்றும் மாறவில்லை. பிறகு வரியில் விரலை வைத்து, பள்ளிக்கூடத்தில் வாசிப்பதுபோல நிறுத்தி நிறுத்தி வாசித்தாள்.

"நாங்கள் இருளர். நான் ரைஸ் மில்லில் நெல் அவிக்கிறேன். என் மனைவியும் அங்கேயே வேலை செய்கிறாள். எங்களுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. என் மகள் பன்னிரண்டாம் வகுப்பு முடித்திருக்கிறாள். அவளை நான்தான் படிக்க வைத்தேன்."

இதில் முதல் இரண்டு வார்த்தை மட்டும்தான் தாளில் இருந்தது. முதல் பக்கம் முடிந்திருக்க வேண்டிய நேரத்தில் பக்கத்தைத் திருப்பி, இரண்டாவதிலும் விரலை ஓட்டி, வீட்டைப் பற்றியும் கன்னியம்மாவைப் பற்றியும் சொல்லி முடித்தாள்.

"நல்லா எழுதியிருக்கீங்கம்மா" என்று அவர் என்னைப் பார்த்துச் சொன்னார். பெருவிரலை மையில் ஒற்றி, அவள் காட்டிய இடத்தில் வைத்தார். அவள் அதன் பக்கத்தில், என் தந்தைக்குப் படித்துக் காட்டினேன், சரி என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். அதற்குக் கீழே, என் முன்னிலையில் என்று எழுதி நானும் போட்டேன்.