அவள் சொல்லாத அறிவிப்பு

ரயில் நிலையத்தில் அறிவிப்புச் சொல்வது அவள் வேலை. சுவரெல்லாம் பஞ்சு ஒட்டிய சின்ன அறையில் உட்கார்ந்து 'இன்று', 'ரயிலும்', 'புறப்படும்', 'புறப்படாது' என்று சொற்களை உதிரி உதிரியாகப் பேசிக் கொடுத்திருந்தாள். கம்ப்யூட்டர் அவற்றை மணி கோப்பதுபோல் கோத்துக்கொள்ளும். தன் குரல் தன்னை விட்டுவிட்டு ஊர் சுற்றுவதைக் கேட்டபடியே சாப்பிடுவாள். சில நாள் அந்தக் குரலிலேயே கண்ணயர்ந்தும் போவாள்.

அன்று மதியமும் அரைத் தூக்கத்தில்தான் கேட்டாள். "இன்று எந்த ரயிலும் புறப்படாது. பயணிகள் வெளியேறவும்." கனவில் உளறுகிறோம் போலிருக்கிறது என்று நினைத்தாள். கண்ணாடி வழியே பார்த்தால், சாய்த்த பாத்திரத்தில் தண்ணீர் வடிவதுபோல் நடைமேடை மெல்லக் காலியாகிக்கொண்டிருந்தது. ரயில் ஆளில்லாமல், பெட்டி பெட்டியாக வெயிலை ஏற்றிக்கொண்டு புறப்பட்டுப் போனது.

"என்னக்கா, பந்த் எல்லாம் அறிவிக்கிறீங்க, கட்சி ஆரம்பிச்சிட்டீங்களா?" என்றார் டிக்கெட் கொடுப்பவர்.

அன்று ராத்திரி வீட்டில் சாப்பிடும்போது கொழுந்தன் ஒளிக்கவில்லை. "நான்தான் அண்ணி கம்ப்யூட்டருக்குள்ள புகுந்து அப்படிச் சொல்ல வச்சேன். வேலைநிறுத்தம் பண்ணவங்கள ஜெயில்ல போட்டிருக்காங்க. ஊரு ஒரு நாளாவது நிக்க வேணாமா?"

"நிக்கட்டும். அதுக்கு என் குரல்தான் கெடச்சுதா?"

"நீங்க சொன்னாத்தானே நம்புவாங்க?"

"அதைத்தான்டா கெடுத்திட்ட. மகளோட ஆபரேஷனுக்குக் கிளம்பின மனுஷன் என் முன்னாடி வந்து நிக்கிறாரு. 'நீங்க சொன்னீங்கன்னுதாம்மா இறங்கினேன்'ங்கறாரு. நான் எந்த மூஞ்சியோட பதில் சொல்றது?"

அவன் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தான். "நாளைக்கு ஸ்டேஷன் அதிகாரிகிட்ட நானே சொல்லிடறேன்."

"சொல்லு. சாப்பிட்டுட்டுப் போ. ஜெயில்ல எப்பச் சோறு போடுவாங்களோ."

மறுநாள் அவன் அதிகாரியின் அறைக்குள் போனதைப் பார்த்துவிட்டுத்தான் வேலையில் உட்கார்ந்தாள். கம்ப்யூட்டரை நிறுத்தி வைத்திருந்ததால், அவளே மைக்கில் பேசினாள். "முதல் நடைமேடையில் நிற்கும் ரயில் இப்போது புறப்படும்."

ஒருவரும் அசையவில்லை. "நேத்தும் இந்தம்மாதான் சொல்லுச்சு" என்று யாரோ சிரித்தார்கள்.

மைக்கை அணைத்துவிட்டு இறங்கி வந்தாள். பெஞ்சு பெஞ்சாக நின்று, "நிஜமாவே கிளம்புதுங்க, ஏறுங்க" என்றாள்.

"கார்டு கொடி காட்டட்டும், ஏறிக்கிறோம்" என்றாள் குழந்தையோடு இருந்தவள்.

அதற்குமேல் பேச்சு எதற்கு? அந்தக் குழந்தைக்காரியின் பையைத் தூக்கி ரயில் பெட்டிக்குள் வைத்தாள்.

"ஏம்மா, ஏம்மா, என் பை!" என்று குழந்தைக்காரி பின்னாலேயே ஓடி ஏறினாள். அடுத்த பெஞ்சில் ஒருவர் தன் பையைத் தானே எடுத்துக்கொண்டு எழுந்தார்.