நீலவேணியின் மச்சம் எந்தக் கன்னத்தில்?

ஒரு நடிகைக்காக ரயில் ஏறுவேன் என்று யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன். போன மாதம் ஒரு சனிக்கிழமை ஏறினேன். செண்டாயானுக்கு அப்பால் ஒரு தோட்ட மண்டபச் சுவரில் நீலவேணியை ஆளுயரத்துக்கு வரைந்திருக்கிறார்கள், மண்டபத்துக்குப் புதுச் சாயம் அடிக்கப்போகிறார்கள் என்று வாசகி ஒருவர் எழுதியிருந்தார். படம் தப்புமா என்று தெரியாமல் வீட்டில் இருக்க முடியவில்லை.

கோலாலம்பூரில் காலை 8.10 ரயில்; சிரம்பானில் 9.40. அங்கிருந்து மம்பாவ் வழியாக டாக்சி, 19 கிலோமீட்டர், 28 வெள்ளி (ரிங்கிட்).

“அங்க என்னா இருக்கு? செம்பனைதான் லா” என்றார் ஓட்டுநர். நீலவேணி பேரைச் சொன்னதும் ஆள் மாறிவிட்டார். “எங்கம்மாவுக்கு அவுங்க சீரியல் முடிஞ்சாதான் சோறு எறங்கும்!”

பதினேழு வயதில் கதாநாயகியாக வந்தவர், பிறகு அக்கா, அண்ணி, அம்மா என்று நடித்து, இன்று தொடரில் மாமியார். அவர் எவ்வளவு கொடுமை செய்தாலும் இங்கே திட்டு வாங்குவது மருமகள்தான்!

படம் அழகு. ஆனால் மச்சம் வலக் கன்னத்தில். மண்டபச் செயலாளர் கவிதா தூரிகையோடு நின்றார்.

“போன்ல பாருங்க மாமா, எல்லாத்துலயும் இடது கன்னம். ஊரே சிரிக்கும். மாத்திடலாம் லா.”

மாமா என்பது படத்தை வரைந்த ஆறுமுகம். ஓய்வுபெற்ற லாரி ஓட்டுநர். “நான் பாத்த மூஞ்சி இதுதாம்மா. மாத்துனா வேற யாரோ ஆயிருவாங்க.”

எங்கே பார்த்தீர்கள் என்று கேட்டேன்.

“சின்ன வயசுல, திடல்ல. வெள்ளத்துணி கட்டிப் படம் காட்டுவாங்க. முன்னால கிராணி வீட்டு நாற்காலி. எங்க லயத்து ஆளுங்கல்லாம் துணிக்குப் பின்னால.”

தோட்ட எழுத்தர் குடும்பத்துக்குச் சரியாகத் தெரிந்த நீலவேணி, லய வீடுகளில் இருந்து ரப்பர் பால்மரம் வெட்டியவர்களுக்குத் துணியின் பின்பக்கமாக இடம் வலம் மாறித் தெரிந்திருக்கிறார். விளக்கிச் சொன்னேன். சொல்லியிருக்க வேண்டாம்.

“அப்ப இத்தன வருசமா தப்பாத்தான் பாத்திருக்கேனா?” என்று சுவரைப் பார்த்தபடி கேட்டார்.

கவிதாவும் தடுமாறிப்போனார். “மாத்துறதுக்கு முன்னால ஒரு படம் எடுத்துக்குவோம்” என்று ஆறுமுகத்தை இழுத்து நிறுத்தி, சுவருக்கு முதுகு காட்டி செல்ஃபிக்குக் கைபேசியை நீட்டினார். அப்படியே நின்றுவிட்டார். கண்ணாடி போலத் திருப்பிக் காட்டும் அந்தத் திரையில் மச்சம் இடக் கன்னத்துக்கு வந்திருந்தது.

ஆறுமுகம் வெகுநேரம் பார்த்தார். “முன்னால உக்காந்தவங்களுக்கு இப்படித்தான் தெரிஞ்சிருக்குமா?”

கவிதா சாய டின்னை மூடினார். மற்ற மூன்று சுவருக்கும் இளநீலம் அடித்தாயிற்று. நீலவேணி அப்படியே இருக்கிறார்.

போகிறவர்களுக்கு: திரும்பி வர வண்டி கிடைக்காது, ஓட்டுநரைக் காத்திருக்கச் சொல்லுங்கள் (எனக்கு மணிக்கு 15 வெள்ளி). தோட்டத்தில் கடை இல்லை. சிரம்பானிலேயே, லோபாக் பகுதியில் சாப்பிட்டுவிட்டுப் போங்கள். மண்டபத்தில் செல்ஃபி எடுக்காமல் வராதீர்கள். ஆறுமுகம் கூச்சப்பட்டுப் பின்னால் போய் நிற்பார். விடாதீர்கள், முன்னால் நிறுத்துங்கள்.