லெஸ் ஹுடாக் ஆடாத ஞாயிறுகள்

நோரீனிடம் எந்த வருஷத்தைப் பற்றிக் கேட்டாலும் கணவனின் எலும்புதான் முதலில் அவள் நினைவுக்கு வரும். மகள் பெக்கி பிறந்தது காறை எலும்பு முறிந்த வருஷம். மாமனார் இரும்பாலை வேலையை விட்டது முழங்கால் வருஷம். சமையலறைக்கு மஞ்சள் வர்ணம் அடித்தது விலா வருஷம். அன்றைக்கு லெஸ்ஸால் கையைத் தோளுக்கு மேல் தூக்க முடியவில்லை. கீழ்ப்பாதிச் சுவரை அவன் அடித்தான், நாற்காலி போட்டு ஏறி மேல்பாதியை இவள் அடித்தாள். இரண்டும் இன்றுவரை ஒரே மஞ்சளாக இல்லை.

லெஸ் ஹுடாக் அப்போது போர்ட் ஆல்டன் ரிவர்மென் என்ற அமெரிக்கக் கால்பந்து அணியின் குவார்ட்டர்பேக். ஒவ்வொரு முறையும் பந்து அவன் கைக்குத்தான் முதலில் வரும். அவன் நிமிர்ந்து பார்த்து, ஓடுகிற ஆளுக்கு அதை எறிவதற்குள் எதிரணியில் நாலைந்து தடியர்கள் அவன்மேல் விழப் பாய்வார்கள். சொந்த அணிக்காரர்கள் தடுத்தால் பிழைத்தான். ரிவர்மென்னில் தடுக்கிறவர்கள் அத்தனை கெட்டிக்காரர்கள் இல்லை.

அவனைக் கல்யாணம் செய்துகொண்டபோது நோரீன் டெலிபோன் ஆபீசில் வேலை பார்த்துக்கொண்டிருந்தாள். அடிபடும் என்று தெரியும். ஞாயிற்றுக்கிழமைகள் பறிபோகும் என்றுதான் தெரியாது. உள்ளூரில் ஆட்டம் என்றாலும் முந்தின இரவு முழு அணியையும் ஓட்டலில் கொண்டுபோய்ப் படுக்கவைத்துவிடுவார்கள். இலையுதிர் காலம் முழுக்க ஞாயிறு காலையில் அவள் தனியாகத்தான் கண்விழிப்பாள், தனியாகத்தான் சர்ச்சுக்குப் பூசைக்குப் போவாள். பிறகு மைதானத்தில் மனைவிமார்களுக்கென்று ஒதுக்கிய வரிசையில் போய் உட்கார்ந்து, கையுறைக்குள் விரல்களை மடக்கிக்கொண்டு பார்த்திருப்பாள்.

காறை எலும்பு முறிந்தது மழையில் நடந்த ஓர் ஆட்டத்தில். ஆஸ்பத்திரிக் கட்டிலில் தோளைச் சுற்றிக் கட்டோடு கிடந்த லெஸ், ஏதோ திருடிவிட்டு மாட்டிக்கொண்டவன் மாதிரி அவளைப் பார்த்தான்.

"ரெண்டு மாசம் ஆகுமாம் நோரீன்."

"ஆகட்டுமே."

"கோவமா?"

"எனக்கென்ன கோவம்? வீட்ல ஒரு ஆள் இருந்தா நல்லதுதானே. வயித்துல இது வேற உதைக்குது."

அடுத்த ஞாயிறு அவள் கண்விழித்தபோது பக்கத்தில் லெஸ் குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். அவள் அசையாமல் படுத்துக் கேட்டுக்கொண்டிருந்தாள். பூசை முடிந்து வந்ததும் லெஸ்ஸுக்கு வீட்டில் இருப்புக்கொள்ளவில்லை. ஆட்டம் தொடங்கும் நேரம். தெரு முழுக்க எல்லார் வீட்டு டிவியும் ஒரே குரலில் கத்திக்கொண்டிருந்தது. அவள் கார்ச் சாவியை எடுத்தாள்.

"வா, ஆப்பிள் பறிக்கப் போலாம்."

அவள்தான் ஓட்டினாள். காரில் ரேடியோ இருந்தது.

"அதை நிறுத்து" என்றான் லெஸ்.

நிறுத்தினாள். பாலத்தைத் தாண்டினார்கள்.

"இப்ப எவ்வளவு இருக்கும்?"

"போடட்டுமா?"

"வேணாம்." கொஞ்ச தூரம் போனதும், "ஸ்கோரை மட்டும் கேட்டுட்டு நிறுத்திடு."

போட்டாள். ரிவர்மென் தோற்றுக்கொண்டிருந்தது. நிறுத்தினாள். லெஸ்ஸின் முகத்தில் ஒரு சின்னச் சந்தோஷம் வந்து, வந்த வேகத்தில் வெட்கப்பட்டு ஓடியதை அவள் பார்த்துவிட்டாள். இரண்டு பேருக்கும் சிரிப்பு அடக்கமுடியவில்லை. சிரித்தால் எலும்பு வலிக்கிறது என்று அவன் கத்த, அதற்கும் சேர்த்துச் சிரித்தார்கள்.

தோட்டக்காரக் கிழவர் அவர்களை மேலும் கீழும் பார்த்தார். "அம்மாவுக்கு வயித்துல சுமை, ஐயாவுக்குத் தோள்ல கட்டு. கூடையை யாருப்பா தூக்கறது, நானா?" என்றவர், கடைசியில் தானேதான் தூக்கிக்கொண்டு வந்து காரில் வைத்தார். பெக்கி பிறந்தபோது லெஸ் அவளை முதலில் ஏந்தியது ஒற்றைக் கையால்தான். பந்தை இடுக்குகிற மாதிரி இடுக்கியிருந்தான். நர்ஸ் பதறிப்போனாள்.

அந்த இலையுதிர் காலத்தில்தான் மேவிஸ் வந்து சேர்ந்தாள். லெஸ் ஆடமுடியாத நாளில் அவன் இடத்தில் இறங்குகிற மாற்று ஆட்டக்காரன் வேட் விக்கர்ஸின் மனைவி. ஓக்லஹோமாக்காரி. ஊரில் ஒருத்தரையும் தெரியாது. ஒரு திங்கட்கிழமை, சூடு ஆறாமல் துணி சுற்றிய பாத்திரத்தோடு வாசலில் நின்றாள். உள்ளே டூனா மீனும் நூடுல்ஸும் சீஸும் போட்டுச் சுட்டது.

"உன் வீட்டுக்காரருக்கு அடிபட்டா எங்க வீட்ல அழணுமா சிரிக்கணுமான்னு எனக்குத் தெரியல. அதான் சமைச்சு எடுத்துட்டு வந்துட்டேன்" என்றாள்.

நோரீன் அவளை உள்ளே இழுத்துக் கதவைச் சாத்தினாள். அதற்குப் பிறகு லெஸ்ஸுக்கு எந்த எலும்பு போனாலும் மறுநாள் அந்தப் பாத்திரம் வந்துவிடும். சமையலறை மேஜையில் உட்கார்ந்து இருவரும் பேசுகிற பேச்சைக் கணவன்மார்கள் கேட்டால் மூர்ச்சையாகிவிடுவார்கள்.

"நான் சாமிகிட்ட என்னன்னுடி வேண்டிக்கறது?" என்பாள் மேவிஸ். "லெஸ்ஸுக்கு ஒண்ணும் ஆயிடக் கூடாது, ஆனா வேட் ஆடணும். சாமியே குழம்பிப்போய்டும்."

"லெஸ்ஸுக்கு லேசா சளி பிடிக்கட்டும்னு வேண்டிக்கோ."

"சளிக்கெல்லாம் உங்க வீட்டாளு உட்காரமாட்டாரே!"

உட்காரத்தான் மாட்டான். அதுதான் நோரீனுக்குள் கடைசிவரை குத்திக்கொண்டிருந்த முள். எலும்பு உடைந்தால் உட்காரவைப்பார்கள், முட்டி பிசகினால் உட்காரவைப்பார்கள். தலையில் அடிபட்டால் மட்டும் மூக்கருகே ஏதோ காட்டி, இரண்டு விரல்களை நீட்டி எத்தனை என்று கேட்டு, மறுபடி இறக்கிவிடுவார்கள். மணி அடிச்சிருச்சு என்று அதற்கு ஒரு வேடிக்கைப் பேர். அப்படி மணி அடித்த ஒரு நாள் வீடு திரும்பும்போது லெஸ் கேட்டான்: "யார் ஜெயிச்சது?" சொன்னாள். பெட்ரோல் பங்கைத் தாண்டியதும் மறுபடி, "யார் ஜெயிச்சது?" வீட்டு வாசலில் மூன்றாம் தடவையும் கேட்டான். அடுத்த ஞாயிறு அவன் ஆடினான். அவன் ஆடாமல் போன ஆட்டங்களைப் பற்றி ஊர் பேசியது. ஆடியிருக்கக் கூடாத ஆட்டங்களைப் பற்றி அவள் ஒருத்திதான் நினைத்தாள்.

ஊர் பேச்சுக்குக் குறைவில்லை. கண்ணாடி ஹுடாக் என்று பேர் வைத்துவிட்டார்கள். முழங்கால் வருஷத்தில் ஒருநாள் கறிக்கடை நோவக், கத்தியைத் தீட்டிக்கொண்டே வரிசையில் நின்ற எல்லாருக்கும் கேட்கிற மாதிரிக் கேட்டார்:

"என்னம்மா, இந்த வாரம் எந்த எலும்பு?"

"உங்களுக்கு அந்தக் கவலையே இல்ல நோவக்" என்றாள் நோரீன். "நாக்குல எலும்பு கிடையாதே, எங்கேயிருந்து உடையும்?"

வரிசை சிரித்தது. நோவக்கும் சிரித்துவிட்டு அரைக் கிலோ சாசேஜைக் கூடுதலாகக் கட்டிக்கொடுத்தார். மனசில் வைத்துக்கொள்கிற ஆட்கள் இல்லை. ஜெயித்தால் தோளில் தூக்குவார்கள், தோற்றால் வைவார்கள். இரும்பாலையில் பாதிப் பேருக்கு வேலை போய்க்கொண்டிருந்த காலம் அது. கத்துவதற்கு அவர்களுக்கும் ஓர் இடம் வேண்டியிருந்தது.

ஆனால் அந்த டிசம்பர் ஞாயிறு வேறு. ஆற்றிலிருந்து வந்த காற்று கன்னத்தை அறுத்தது. லெஸ் எறிந்த பந்துகள் எதிரணிக் கைகளில் போய் விழுந்துகொண்டிருந்தன. இரண்டாவது பகுதி தொடங்கும் முன்பே "வேட்! வேட்!" என்று கூட்டம் காலால் தட்ட ஆரம்பித்தது. நோரீனும் மேவிஸும் ஒரே கம்பளியை முழங்காலில் போர்த்தி உட்கார்ந்திருந்தார்கள்.

அடுத்த பந்திலேயே இருவர் சேர்ந்து லெஸ்ஸைத் தரையில் சாய்த்தார்கள். எறிகிற தோள் அவர்களுக்கு அடியில் மாட்டியது. எழுந்தவர்கள் எழுந்தார்கள், அவன் எழவில்லை. ஒரு நொடி மைதானம் அடங்கியது. பிறகு மேல் வரிசையில் யாரோ கைதட்டினார்கள். அது கீழே இறங்கி வந்து, சுற்றிப் பரவி, மைதானம் முழுக்க ஆரவாரமாயிற்று. கீழே கிடக்கிறவனைப் பார்த்துக் கைதட்டினார்கள்.

நோரீன் எழுந்து நின்றாள். திரும்பிக் கூட்டத்தைப் பார்த்தாள். பின்வரிசையில் அவளைத் தெரிந்த ஒருவர் மட்டும் கையைக் கீழே போட்டுவிட்டுத் தலைகுனிந்தார்.

கீழே ஓரத்தில் வேட் தலைக்கவசத்தை மாட்டிக்கொண்டிருந்தான். ஊரே பேர் சொல்லிக் கூப்பிட்டு அவன் இறங்கும் நிமிஷத்துக்காக மேவிஸ் நாலு வருஷமாகக் காத்திருந்தவள். அவள் கம்பளியைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்து நோரீனின் முழங்கையைப் பிடித்தாள்.

"நட."

லெஸ்ஸைக் கொண்டுபோன உடைமாற்றும் அறைக்குள் பெண்களை விடமாட்டார்கள். வெளியே சிமெண்டுத் தாழ்வாரத்தில் ஒரு பெஞ்சு. அதில் உட்கார்ந்தார்கள். தலைக்குமேலே மைதானம் இடித்துக்கொண்டிருந்தது. ஒவ்வொரு சத்தத்துக்கும் விளக்குகள் அதிர்ந்தன.

"நீ மேல போ மேவிஸ். வேட் ஆடுறான்."

"ஆடட்டும்."

"ஏதோ நல்லா பண்றான்போல இருக்குடி. சத்தத்தைக் கேளு!"

"எனக்கும் காது இருக்கு" என்றாள் மேவிஸ். நோரீனின் குளிர்ந்த கையை எடுத்துத் தன் கோட்டுப் பைக்குள் தன் கையோடு வைத்துக்கொண்டாள். "அவங்க எல்லாம் இப்படிக் கைதட்டின பிறகு நான் அங்க உட்கார்ந்து நானும் தட்டறதா? போடி."

போகவில்லை. வேட் விக்கர்ஸின் வாழ்க்கையில் அப்படி ஓர் ஆட்டம் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. அவன் மனைவி அதில் ஒரு பந்தைக்கூடப் பார்க்கவில்லை.

வேட்டும் அதைப் பற்றி வீட்டில் வாய்திறக்கவில்லை. எப்படி இருந்தது என்று கேட்டால் "பரவாயில்ல" என்று மட்டும் சொன்னானாம். சிநேகிதன் தரையில் கிடந்தபோது எழுந்த ஆரவாரம் அவனுக்கும் கேட்டிருக்கிறது. அடுத்த வருஷம் அவனை வேறு அணிக்கு மாற்றிவிட்டார்கள். அங்கே பெரும்பாலும் ஓரத்தில் நின்றான். பிறகு ஓக்லஹோமாவில் மாமனாரோடு சேர்ந்து தீவனக் கடை நடத்தினான்.

லெஸ்ஸின் தோள் மறுபடி எறிகிற தோளாக ஆகவில்லை. அவன் மாவட்டச் சாலைத் துறையில் சேர்ந்தான். பனி தள்ளும் வண்டி ஓட்டினான், பிறகு மேற்பார்வை பார்த்தான். காலையில் முழங்கால் மடங்க நேரமாகும். மழை வருவதைத் தோள் முதலில் சொல்லும். நோரீன் பள்ளிக்கூட உணவுக்கூடத்தில் வேலைக்குப் போனாள். எல்லா ஞாயிறும் அவளுக்குத் திரும்பக் கிடைத்தது. அந்த ஞாயிறுகளில் ஒன்றுகூட அந்த ஆப்பிள் தோட்டத்து ஞாயிறு மாதிரி இருந்ததில்லை என்று அவள் சில சமயம் நினைப்பாள். அப்படி நினைப்பது லெஸ்ஸின் வலிக்குச் செய்கிற துரோகம் என்றும் நினைப்பாள். இருந்தாலும் அந்த நினைப்பு வந்துகொண்டுதான் இருந்தது.

எழுபதைத் தாண்டியதும் லெஸ்ஸுக்கு மறதி தொடங்கியது. முதலில் சாவி, பிறகு வழி, பிறகு பேரப்பிள்ளைகளின் பேர். தலையில் பட்ட பழைய அடிகள்தான் காரணம் என்று டாக்டர் சொன்னபோது நோரீன் ஆச்சரியப்படவில்லை. அன்றைக்குப் பெட்ரோல் பங்கைத் தாண்டியபோதே அவளுக்குத் தெரியும்.

போன அக்டோபரில் மேவிஸ் வந்தாள். வேட் இறந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. வெள்ளைத் தலை, கையில் பழைய மாதிரியே துணி சுற்றிய பாத்திரம். சாப்பாட்டுக்கு மேஜையில் உட்கார்ந்திருந்த லெஸ் அவளைப் பார்த்து மரியாதையாகச் சிரித்தான். யாரென்று தெரியவில்லை என்பது புரிந்தது.

"நான் மேவிஸ். வேட்டோட மனைவி."

"வேட்!" லெஸ் முள்கரண்டியைக் கீழே வைத்தான். "அந்த டிசம்பர் ஆட்டம் பார்த்தீங்களா நீங்க?"

இரண்டு பெண்களும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"இல்ல லெஸ். நான் பார்க்கல."

"நானும்தான் பார்க்கல. மேஜைமேல படுக்கப்போட்டு டாக்டர் தோளைத் திருகிட்டிருந்தார். ஆனா பக்கத்துல ரேடியோ இருந்தது. நிறுத்தட்டுமான்னு கேட்டாங்க. நிறுத்தினா எழுந்து போய்டுவேன்னேன்." அவன் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தான். "முதல் பந்தே, கேளுங்க, இடதுபக்கமா ஓடிக்கிட்டே எறிஞ்சான். காத்து எதிர்க்காத்து. நான் எறிஞ்சிருந்தா ஆத்துல போய் விழுந்திருக்கும்..."

சொல்லிக்கொண்டே போனான். எந்த மூலை, யார் பிடித்தது, யார் தடுக்கி விழுந்தது, அறிவிப்பாளர் குரல் எங்கே உடைந்தது என்று ஒன்றும் விடவில்லை. உப்புக் குப்பியை ஒரு பக்கம் வைத்தான், கரண்டிகளை வரிசையாக நிறுத்தினான். "மேஜைல படுத்துக்கிட்டு நான் கத்தறேன், டாக்டர் வலியில கத்தறேன்னு நினைச்சுக்கிட்டார். போடா வேட், போடான்னு கத்தினேன். அவன்கிட்ட அதைச் சொன்னதே இல்ல. சொல்லணும். வண்டியை நிறுத்திட்டு வர்றானா?"

நோரீன் எழப்போனாள். மேவிஸ் கைகாட்டித் தடுத்தாள்.

"வேட் போய்ட்டார் லெஸ். ரெண்டு வருஷமாச்சு."

லெஸ் வரிசையிலிருந்த ஒரு கரண்டியை நேராக்கி வைத்தான். "அப்படியா" என்றான். "நல்ல பையன்."

"ஆமா."

மேவிஸ் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். நாற்காலியை மேஜைக்கு இன்னும் அருகில் இழுத்துப் போட்டாள். "அந்த முதல் பந்திலேர்ந்து இன்னொரு தடவை சொல்லு" என்றாள்.

அவன் சொன்னான். இரண்டாம் தடவையில் வேட் புள்ளி வாங்கித் தரும் டச்டவுன் ஒன்றைக் கூடுதலாக எறிந்திருந்தான். யாரும் திருத்தவில்லை. நோரீன் பாத்திரத்தின் துணியை அவிழ்த்து, மூன்று தட்டுகளில் பரிமாறினாள்.